ஜிங்கி நகி தாதகாய் (திரைப்படம், 1973)

ஜிங்கி நகி தாதகாய், 1973 ஜனவரி 13 அன்று வெளியான ஜப்பானியக் குற்றப் படம். பெயரைத் தமிழில் ‘நெறியும் நேயமும் அற்ற போர்’ எனலாம். தோயெய் நிறுவனத்துக்காகக் கின்ஜி ஃபுகாசாகு இயக்கினார். திரைக்கதை கசுவோ கசஹாரா. ஓடும் நேரம் 99 நிமிடம். இரண்டாம் உலகப் போர் முடிந்த மறு ஆண்டில் கதை தொடங்குகிறது. ஹிரோஷிமாவை அடுத்த கூரே துறைமுக நகரில் ஒரு யாகுசா கும்பல் முளைத்து, பணம் பார்த்து, பத்தாண்டுகளில் தன் ஆட்களையே ஒவ்வொருவராகக் காவு கொடுப்பதை இந்தப் படம் சொல்கிறது. தலைவனுக்காக உயிரையும் கொடுக்கும் அடியாளை ஜப்பானியத் திரை பல ஆண்டுகள் கொண்டாடி வந்தது. அந்த விசுவாசத்தால் ஆதாயம் அடைந்தவர் யார், அதற்கு விலை கொடுத்தவர் யார் என்று இவ்வளவு வெளிப்படையாகக் கணக்குக் கேட்ட படம் அதற்கு முன் அங்கே வந்ததில்லை.

கூரே நகரமும் காலமும்

கூரே ஒரு காலத்தில் ஜப்பானியக் கடற்படையின் பெரும் தளம். உலகின் மிகப் பெரிய போர்க்கப்பல்களில் ஒன்றான யமாட்டோ அங்கேயுள்ள கடற்படைப் பட்டறையில்தான் கட்டப்பட்டது. 1945 கோடையில் அமெரிக்க விமானங்கள் அந்த நகரையும் துறைமுகத்தில் நின்ற கப்பல்களையும் குண்டு வீசி அழித்தன. ஆகஸ்ட் 6 அன்று பக்கத்து ஹிரோஷிமாவின் மேல் அணுகுண்டு விழுந்தது. போர் முடிந்ததும் பட்டறையில் வேலை இல்லை, கடையில் அரிசி இல்லை. படையிலிருந்து திரும்பிய இளைஞர்களுக்குத் துப்பாக்கியைத் தவிர வேறு தொழில் தெரியாது. அவர்களுக்குச் சோறு போட்டது கள்ளச்சந்தை. சந்தையில் இடம் பிடித்துக் கொடுப்பது, கடைக்குக் காவல் நிற்பது, கூலியாட்களைத் திரட்டுவது என்று தொடங்கிய சிறு குழுக்கள் பின்னால் யாகுசா குடும்பங்களாக இறுகின.

அந்தப் பகுதியில் நிலைகொண்ட ஆக்கிரமிப்புப் படை பெரும்பாலும் ஆஸ்திரேலியரும் பிரிட்டிஷாரும் கொண்ட காமன்வெல்த் படை. 1946, 1947 ஆண்டுகளில் அன்றைய பிரிட்டிஷ் இந்திய ராணுவத்தின் வீரர்களும் அதில் இருந்தார்கள். படம் இந்த விவரத்துக்குள் போகவில்லை. அதில் வரும் வெளிநாட்டுச் சிப்பாய்கள் அமெரிக்கர்களே.

தலைப்பு விழும் முன் திரையில் தெரிவது அணுகுண்டுக் காளான் மேகத்தின் புகைப்படம். பிறகு 1946-இன் சந்தை நெரிசல். சிப்பாய்கள் ஒரு பெண்ணைத் துரத்துகிறார்கள். கூட்டம் பார்த்துக்கொண்டு நிற்கிறது. படையிலிருந்து திரும்பிய ஷோசோ ஹிரோனோ என்ற இளைஞன் மட்டும் குறுக்கே பாய்கிறான். போலீஸ் ஓடிவந்து தடுப்பது அவனைத்தான். நாடு யாருக்கு அஞ்சுகிறது, யாரை அடக்குகிறது என்பது முதல் சில நிமிடங்களிலேயே தெரிந்துவிடுகிறது.

சிறையில் எழுதிய நினைவுகள்

கதைக்கு மூலம் கோசோ மினோ என்பவர் எழுதிய நினைவுக் குறிப்புகள். அவர் கூரேயில் தனிக் கும்பலே நடத்திய தலைவர். ஹிரோஷிமா வட்டாரக் கும்பல் மோதல்களில் நேரடியாகப் பங்கெடுத்துச் சிறை சென்றவர். அந்த மோதல்களைப் பற்றி ஓர் இதழில் வந்த கட்டுரை தன்னைத் தவறாகக் காட்டுகிறது என்று சினந்து, வடகோடி ஹொக்கைதோ தீவில் உள்ள அபாஷிரி சிறையில் இருந்தபடியே தன் தரப்பை நூற்றுக்கணக்கான பக்கங்களில் எழுதினார். அந்தக் கையெழுத்துப் பிரதியை அடிப்படையாக வைத்துப் பத்திரிகையாளர் கோய்ச்சி இய்போஷி 1972-இல் ‘ஷூகான் சான்கெய்’ வார இதழில் தொடர் எழுதினார். படத்தின் தலைப்பு அந்தத் தொடரின் தலைப்பே.

அபாஷிரி என்ற பெயர் ஜப்பானிய ரசிகர்களுக்குப் புதிதல்ல. கென் தகாகுரா நடித்து 1965-இல் தொடங்கிய புகழ்பெற்ற படவரிசை அந்தச் சிறையின் பெயரைத் தாங்கியது. திரை நாயகனைக் காவியமாக்கிய அதே சிறையிலிருந்துதான் அந்தக் காவியத்தைக் குலைத்த ஆவணமும் வந்தது.

தோயெய்க்கு அப்போது புதிய சரக்கு தேவைப்பட்டது. 1963 வாக்கிலிருந்து அந்த நிறுவனத்தைத் தூக்கி நிறுத்தியவை ‘நின்க்யோ’ படங்கள். கிமோனோ உடுத்த கண்ணியமான யாகுசா, அநியாயத்தைக் கடைசிவரை பொறுத்திருந்து, இறுதியில் வாளெடுத்துத் தனியாகப் பகைவன் வீட்டுக்குள் நுழைவான். கோஜி ட்சுருதா, தகாகுரா, ஜுன்கோ ஃபுஜி ஆகியோர் அதன் நட்சத்திரங்கள். 1970-களின் தொடக்கத்தில் அந்த அலை ஓய்ந்தது. 1972-இல் ஃபுஜி திருமணத்துக்காக நடிப்பை விட்டார். அவருடைய தந்தையும் நின்க்யோ படங்களின் முதன்மைத் தயாரிப்பாளருமான கோஜி ஷுன்தோதான் இந்தப் படத்தின் தயாரிப்பிலும் முன்னின்றார்.

திரைக்கதை எழுத கசஹாரா கூரேக்கே போனார். மினோ முதலில் படமாக்க ஒப்பவில்லை. பேச்சுவாக்கில், போர்க்காலத்தில் இருவரும் ஹிரோஷிமா பக்கத்து ஒதாகே கடற்படைப் பயிற்சி முகாமில் இருந்தவர்கள் என்று தெரியவந்த பிறகுதான் அவர் மனம் திறந்தார். அந்த மோதல்களில் சம்பந்தப்பட்டவர்கள் பலர் அன்று உயிரோடு இருந்ததால் பெயர்கள் எல்லாம் மாற்றப்பட்டன. மினோ ஹிரோனோ ஆனார். அவர் சேர்ந்திருந்த யமமுரா கும்பல் யமமோரி கும்பல் ஆனது. ஃபுகாசாகுவை இயக்குநராகப் போடுவதில் கசஹாராவுக்கு முதலில் தயக்கம் இருந்தது. முன்பு ஒரு திரைக்கதை தொடர்பாக இருவருக்கும் உரசல். இந்தப் பிரதியைப் படித்த ஃபுகாசாகு அப்படியே எடுப்பதாக ஒப்புக்கொண்டதும் தயக்கம் நீங்கியது.

கதை

கும்பலில் சேராத நிலையிலேயே நண்பர்களுக்காக ஒரு முரட்டுக் குடிகாரனைச் சுட்டுக் கொன்று ஹிரோனோ சிறைக்குப் போகிறான். அங்கே தோய் கும்பலைச் சேர்ந்த வகசுகியின் நட்பு கிடைக்கிறது. இருவரும் ஒருவர் இரத்தத்தை மற்றவர் சுவைத்து உடன்பிறப்பாகிறார்கள். வயிற்றைக் கிழித்துக்கொள்வதாக நாடகமாடி வகசுகி வெளியே வருகிறான். ஹிரோனோவுக்கும் ஜாமீன் ஏற்பாடாகிறது. ஜாமீன் பணம் கட்டியவர் யோஷியோ யமமோரி. அந்த நன்றிக்காக ஹிரோனோ அவருடைய ஆளாகிறான். சடங்குப்படி சாகே கோப்பையைப் பகிர்ந்து, இனி அவர் தந்தை, இவன் பிள்ளை என்றாகிறது.

சூதாட்ட விடுதியில் நடந்த கைகலப்பு ஒன்றில் செல்வாக்குள்ள பெரியவர் ஒருவரின் உறவினனை ஹிரோனோ அடித்துவிடுகிறான். மன்னிப்புக் கேட்கச் சுண்டுவிரலைத் தறித்துக் கொடுக்க வேண்டும். கும்பலில் யாருக்கும் அதன் முறை தெரியவில்லை. தலைவரின் மனைவிதான் எப்போதோ பார்த்ததை வைத்துச் சொல்லித்தருகிறாள். வெட்டிய விரல் தெறித்துத் தோட்டத்தில் விழுகிறது. எல்லோரும் மண்டியிட்டுத் தேடுகிறார்கள். கோழி கொத்திக்கொண்டிருந்த இடத்தில் அது கிடைக்கிறது. நின்க்யோ படங்கள் மௌனத்தோடும் மரியாதையோடும் காட்டிய சடங்கு இங்கே கோழிக்கூண்டுக்குள் போய்ச் சேர்கிறது. கொடுத்த விரலைப் பெற்றுக்கொண்ட பெரியவரோ, இவ்வளவு தூரம் போயிருக்க வேண்டியதில்லை என்பதுபோல் பேசி முடித்துவிடுகிறார்.

நகரசபை அரசியலுக்குள் கும்பல்கள் இழுக்கப்படுகின்றன. யமமோரிக்கும் தோய் கும்பலின் தலைவர் தோய்க்கும் பகை மூள்கிறது. தோயை யார் கொல்வது என்று கூடிப் பேசும் கூட்டம் படத்தின் முதுகெலும்பு போன்ற காட்சி. யமமோரி அழுகிறார். மகிஹாரா என்பவன் தன் மனைவி கர்ப்பிணி என்று சொல்லி அவனும் அழுகிறான். ஒருவரும் கை தூக்கவில்லை. நான் போகிறேன் என்கிறான் ஹிரோனோ. உடனே தலைவரின் கண்ணீர் வேறு வகையாகிறது. நீ திரும்பி வரும்போது எல்லாமே உனக்குத்தான் என்று வாக்குக் கொடுக்கிறார். 1949-இல் ஹிரோனோ தோயைச் சுடுகிறான். ஒளிந்திருக்கும்போதே தன் தலைவர் தன்னைக் கைவிடப்போகிறார் என்று தெரிந்துகொள்கிறான். சிறைத் தண்டனை கிடைக்கிறது. பழிதீர்க்கக் கிளம்பிய வகசுகியின் மறைவிடத்தை யாரோ போலீசுக்குக் காட்டிக்கொடுக்கிறார்கள். காட்டிக்கொடுத்தது யார் என்று படம் விரல் நீட்டுவதில்லை. பார்ப்பவர்களுக்குச் சந்தேகமும் எழுவதில்லை.

1950-இல் கொரியப் போர் மூள்கிறது. அமெரிக்கப் படைக்கான வெடிமருந்துச் சரக்குகளைக் கையாளும் வேலையில் யமமோரி கொழிக்கிறார். ஹிரோபோன் என்ற பெயரில் அன்று ஜப்பானெங்கும் பரவிய ஊக்க மருந்து அடுத்த தகராறு. கும்பலின் மூத்த தளபதி தெத்சுயா சகாய் அதன் வியாபாரத்தைத் தடுக்கிறான். சிலர் திருட்டுத்தனமாக விற்கிறார்கள். பறிமுதல் செய்த சரக்கைத் தலைவரே மறைமுகமாக விற்றுக் காசாக்குகிறார். அது வெளிப்படும்போது சகாய் யமமோரியை நேருக்கு நேர் நிறுத்தி, திருவிழாவில் தோளில் தூக்கிப் போகும் சாமிப் பல்லக்குதான் நீங்கள், சுமப்பவர்கள் நாங்கள், எங்கள் கால் இல்லாமல் நீங்கள் நகர முடியாது என்ற பொருள்படப் பேசுகிறான். பிறகு கும்பல் உள்ளுக்குள்ளேயே வெட்டிக்கொள்கிறது.

1950-களின் நடுவில் பரோலில் வெளிவரும் ஹிரோனோவிடம் இரு பக்கமும் வருகிறார்கள். யமமோரி சகாயைக் கொல்லச் சொல்கிறார். ஹிரோனோ யமமோரியின் கோப்பையைத் திருப்பித் தந்து உறவை முறிக்கிறான், சகாயோடும் சேரவில்லை. இருவரும் தனியே சந்திக்கும்போது சகாய் களைத்திருக்கிறான். இந்த வழியில் எப்போது தடம் புரண்டோம் என்று ஹிரோனோவிடமே புலம்புகிறான். சில நாளில், தன் குழந்தைக்குப் பொம்மை வாங்கக் கடைக்குப் போன இடத்தில் சகாய் சுட்டுக் கொல்லப்படுகிறான். அவனைக் கொல்ல வழிசெய்தவர்களே மாலைகளும் பெயர்ப்பலகைகளும் வைத்து ஆடம்பரமாக இறுதிச் சடங்கு நடத்துகிறார்கள். துக்க உடையில்லாமல் உள்ளே வரும் ஹிரோனோ துப்பாக்கியை எடுத்து அந்தப் படையல்களையும் பெயர்களையும் சுட்டுத் தள்ளுகிறான். யமமோரி அதட்டுகிறார். இன்னும் குண்டு மீதி இருக்கிறது என்று மட்டும் சொல்லிவிட்டு வெளியே நடக்கிறான்.

விசுவாசம் கீழிருந்து, துரோகம் மேலிருந்து

குற்றப் படங்களில் துரோகம் பெரும்பாலும் ஒரு திருப்பம். நம்பிய நண்பன் ஒருநாள் முதுகில் குத்துவான். அந்த அதிர்ச்சியில் கதை திரும்பும். இந்தப் படத்தில் துரோகம் யாரையும் அதிர்ச்சிக்குள்ளாக்குவதில்லை. அது நாள்தோறும் நடக்கும் நிர்வாகம். வாக்குறுதி, கண்ணீர், சிறிய கைச்செலவுப் பணம், பிறகு கைவிடல் என்று ஒரே வரிசையில் அது திரும்பத் திரும்ப வருகிறது. யமமோரி கொடுங்கோலன் இல்லை. கோழை, கஞ்சன், நல்ல நடிகர். அவரிடம் இருக்கும் ஒரே பலம், தன்னைத் தந்தை என்று நம்பும் இளைஞர்களின் கூச்சம்.

நான் இந்தப் படத்தை ஃபுகாசாகுவின் போர்ப் படங்களில் ஒன்றாகவே வைப்பேன். 1930-இல் மித்தோவில் பிறந்த அவர், பதினைந்து வயதில் ஆயுதத் தொழிற்சாலைக்கு வேலைக்கு அனுப்பப்பட்டவர். எதிரிக் கப்பல்களின் குண்டுவீச்சில் உடன் வேலை செய்த பிள்ளைகள் இறக்க, அந்த உடல்களை அப்புறப்படுத்தும் வேலையும் அவர்களுக்கே விழுந்தது. பெரியவர்களின் சொல்லை நம்பக்கூடாது என்று அன்று கற்றதை அவர் பேட்டிகளில் பலமுறை சொல்லியிருக்கிறார். இந்தப் படத்துக்கு முந்தைய ஆண்டு அவர் எடுத்த ‘குன்கி ஹதமேகு மோதோனி’, போர்க்களத்தில் சொந்த ராணுவத்தாலேயே மரண தண்டனை பெற்ற ஒரு சிப்பாயின் மனைவி உண்மையைத் தேடி அலையும் கதை. அந்தப் படத்து ராணுவ அதிகாரிகளும் யமமோரியும் ஒரே அச்சில் வார்த்தவர்கள். அழுதுகொண்டே பிள்ளைகளைச் சாவுக்கு அனுப்புகிறார்கள். எல்லாம் முடிந்தபின் பூ வைக்கிறார்கள். 2000-இல் எழுபது வயதில் எடுத்த ‘பேட்டில் ராயல்’ படத்திலும் பள்ளிப் பிள்ளைகளை ஒருவரையொருவர் கொல்லவைப்பது பெரியவர்கள் இயற்றிய சட்டம்தான்.

ஹிரோனோவை நல்லவனாகப் படம் பூசி மெழுகவில்லை. அவன் கொலைகாரன். ஆனால் சொன்ன சொல்லுக்கு நிற்கும் பழக்கம் அவனை விட்டுப் போகவில்லை. அதைப் பயன்படுத்திக்கொள்ளும் ஒவ்வொருவரையும் அடையாளம் காண அவனுக்குப் பத்தாண்டுகள் பிடிக்கிறது. இறுதிச் சடங்கில் அவன் ஆளைச் சுடாமல் மாலையைச் சுடுவதற்குக் காரணம் கருணை என்று எனக்குத் தோன்றவில்லை. இறந்தவனின் பெயரால் நடக்கும் பொய்யைத்தான் அவனால் தாங்க முடியவில்லை.

படமாக்கிய விதம்

ஒளிப்பதிவாளர் சதாஜி யோஷிதாவின் கேமரா பெரும்பாலும் கையில்தான் இருக்கிறது. சண்டை மூண்டதும் அதுவும் கூட்டத்துக்குள் விழுந்து எழுகிறது. சட்டகம் சாய்கிறது, முகங்கள் மங்குகின்றன, யார் யாரை வெட்டினார்கள் என்று சில நேரம் தெரிவதே இல்லை. நின்க்யோ படங்களில் வாள்வீச்சு நடனம்போல் ஒழுங்காக இருக்கும். இங்கே கொல்பவன் பயத்தில் கத்துகிறான், துப்பாக்கி சிக்கிக்கொள்கிறது, குண்டு பட்டவன் உடனே சாகாமல் தவழ்கிறான்.

ஒருவன் இறந்ததும் படம் அப்படியே உறைகிறது. அவன் பெயரும் இறந்த தேதியும் எழுத்தில் விழுகின்றன. பின்னணிக் குரல் செய்தி வாசிப்பதுபோல் ஆண்டையும் நிகழ்ச்சியையும் சொல்லிப் போகிறது. தொஷிஆகி ட்சுஷிமாவின் இசை, ஊதுகருவிகள் அலறும் ஒரு சிறு மெட்டை அங்கங்கே வெட்டிப் போடுகிறது. அந்த மெட்டு ஜப்பானில் இன்றும் தொலைக்காட்சி நிகழ்ச்சிகளில் ஒலிக்கக் கேட்கலாம். செய்திப்படத்தின் தோற்றமும் உண்மை வழக்கின் அடிப்படையும் சேர்ந்ததால் இவ்வகைப் படங்களுக்கு ‘ஜித்சுரோகு’, அதாவது மெய்ப்பதிவு, என்று பெயர் வந்தது. வசனம் முழுக்க ஹிரோஷிமா வட்டாரப் பேச்சு. டோக்கியோவின் மெருகேறிய மொழியில் பேசியிருந்தால் இந்தக் கதை பாதி உயிரை இழந்திருக்கும்.

நடிகர்கள்

ஹிரோனோவாக நடித்த புன்தா சுகவாரா அப்போது நாற்பதை நெருங்கியவர். மாடலாகத் தொடங்கி, ஷின்தோஹோ, ஷோச்சிகு நிறுவனங்களைக் கடந்து தோயெய்க்கு வந்தும் முன்வரிசை கிடைக்காமல் காத்திருந்தார். ஒட்ட வெட்டிய தலைமுடியும் இறுகிய தாடையுமாக இந்த ஒரு வேடம் அவரை நாடறிய வைத்தது. பின்னாளில் ஹயாவோ மியசாகியின் ‘ஸ்பிரிட்டட் அவே’ படத்தில் கொதிகலன் அறைக் கிழவனுக்குக் குரல் கொடுத்ததும் அவர்தான். 2014 நவம்பரில் மறைந்தார்.

யமமோரியாக நோபுவோ கனேகோ. உதட்டைப் பிதுக்கி அழும் அந்த முகம் ஜப்பானில் நன்றிகெட்ட முதலாளிக்கே அடையாளமாகிவிட்டது. அதே மனிதர் பிற்காலத்தில் தொலைக்காட்சியில் சமையல் நிகழ்ச்சி நடத்தி இல்லத்தரசிகளின் அன்பைப் பெற்றார் என்பது அவருடைய நடிப்பின் அளவைச் சொல்லும். சகாயாக ஹிரோகி மட்சுகாதா, வகசுகியாக தட்சுவோ உமேமியா, மகிஹாராவாக குனியே தனாகா, இன்னொரு கும்பல்காரன் அரிதாவாக ட்சுனெஹிகோ வதாசே, யமமோரியின் மனைவியாக தொஷியே கிமுரா நடித்தார்கள். சட்டகத்தின் ஓரத்தில் நிற்கும் துணை நடிகர்களையும் ஃபுகாசாகு முக்கியமானவர்களாகவே நடத்தினார். வெட்டுப்பட்டு விழுவதையே தொழிலாகக் கொண்டிருந்த தோயெயின் கியோட்டோ நடிகர்கள் பலர் இந்தப் படவரிசையால் வெளிச்சத்துக்கு வந்து, பின்னர் ‘பிரான்ஹா குழு’ என்று தனிப் பெயர் எடுத்தார்கள்.

வரவேற்பும் தொடர்ச்சியும்

படம் வெற்றி பெற்றது. ‘கினேமா ஜுன்போ’ இதழின் அந்த ஆண்டுப் பட்டியலில் விமர்சகர்கள் இதற்கு இரண்டாம் இடம் கொடுத்தார்கள்; வாசகர்கள் முதலிடம் கொடுத்தார்கள். சுகவாராவுக்கும் கசஹாராவுக்கும் அதே இதழின் விருதுகள் கிடைத்தன. எல்லாக் காலத்துக்குமான சிறந்த ஜப்பானியப் படங்களைத் தேர்ந்தெடுக்க 2009-இல் அதே இதழ் எடுத்த கணிப்பில் இது ஐந்தாவதாக வந்தது.

தோயெய் காலம் தாழ்த்தவில்லை. 1974 ஜூனுக்குள் மேலும் நான்கு பாகங்கள் வந்தன. இரண்டாவது பாகமான ‘ஹிரோஷிமா ஷிதோ ஹென்’ ஹிரோனோவை ஓரத்தில் வைத்துவிட்டு, கின்யா கிதாஓஜி நடித்த யமனகா என்ற இளம் கொலையாளியைப் பின்தொடர்கிறது. தலைவனின் சொல்லை நம்பிக் கொன்று, ஏமாந்து, தனியே சாகும் அவன் கதைதான் ஐந்திலும் துயரம் மிகுந்தது. மூன்றாவதும் நான்காவதும் பெரிய கூட்டமைப்புகளின் பேரங்களுக்குள் போகின்றன. பெயர்களும் கூட்டணிகளும் பெருகி, குறிப்பெடுத்துக்கொண்டு பார்க்க வேண்டிய அளவுக்குச் சிக்கலாகின்றன. முதல் நான்கையும் எழுதிய கசஹாரா அத்துடன் நிறுத்திக்கொண்டார். இறுதிப் பாகத்தை கோஜி தகாதா எழுதினார். அதன்பின் 1976 வரை ‘புதிய’ என்ற அடைமொழியோடு மூன்று படங்களை ஃபுகாசாகுவே எடுத்தார். கதைமாந்தர் தொடர்ச்சி இல்லாத அவை முதல் வரிசையின் வேகத்தை எட்டவில்லை.

2000-இல் ஜுன்ஜி சகமோட்டோ இதே பெயரின் புதுவடிவாக ஒரு படம் எடுத்தார். அதற்காக இசைக் கலைஞர் தொமோயாசு ஹோத்தேய் அமைத்த கிட்டார் இசை, குவென்டின் டாரன்டினோவின் ‘கில் பில்’ முதல் பாகத்தின் வழியாக உலகெங்கும் பரவியது. மூலப் படத்தைப் பார்க்காத கோடிக்கணக்கானோருக்கு அதன் பெயர் ஓர் இசைத்துண்டின் பெயராகவே அறிமுகம். ஃபுகாசாகு ‘கில் பில்’ படத்தைப் பார்க்கவில்லை. 2003 ஜனவரி 12 அன்று காலமானார். ஜப்பானில் வெளியான ‘கில் பில்’ பிரதி அவருக்குக் காணிக்கையாக்கப்பட்டது.

ஜப்பானுக்குள் இதன் நேரடி வாரிசு என்று சொல்லத்தக்கது, யூகோ யுசுகியின் நாவலை வைத்துக் கசுயா ஷிராய்ஷி 2018-இல் இயக்கிய ‘கொரோ நோ சி’. 1988-இன் ஹிரோஷிமா மாவட்டத்தில் யாகுசாக்களோடு புழங்கும் ஒரு போலீஸ்காரரின் கதை அது. ஃபுகாசாகுவின் படவரிசையின் மேல் கொண்ட பிரியத்தால்தான் அந்த நாவலை எழுதினேன் என்று யுசுகி வெளிப்படையாகச் சொல்லியிருக்கிறார். அந்தப் படத்தைத் தயாரித்ததும் தோயெய்தான். படப்பிடிப்பு நடந்தது கூரேயில்.